போண்டா காணாமல் போன ஐந்து நாள்

என் முதலாளியின் பெயர் நாம்.
முதல் நாள் சிரித்துவிட்டேன்:
எங்கள் பாஷையில் நாம் என்றால்
நீங்களும் நானும், சார்.
அவர் கொஞ்சம் யோசித்துச் சொன்னார்:
எங்கள் பாஷையில் அந்தச் சத்தத்துக்கு
வேற்றாள் என்றும் ஒரு பொருள்.

எச்.பி.ஆர். லேஅவுட்டில் ஜூன் மாத மழை.
போண்டா பழுப்பு நாய்,
என் கார் அடியில்தான் அதன் மதியத் தூக்கம்.
அது இல்லாததை முதல் நாள் யாரும் கேட்கவில்லை.
இரண்டாம் நாள் லிஃப்டில் யாரோ ஏதோ சொல்லியிருக்கிறார்கள்.
மூன்றாம் நாள் ஹெப்பார் என்னைத் தூணுக்குப் பின்னால் கூப்பிட்டார்.
சங்கச் செயலாளர். போண்டாவைக் கண்டால் கல்லெடுப்பவர்.
'நீ மேலே போவாய்தானே,
ஃப்ரிட்ஜைத் திறந்து பார்த்துச் சொல்.'

பார்த்தேன்.
தண்ணீர் கேன் தூக்கிப்போன சாக்கில்.
முட்டைக்கோஸ் ஊறுகாய், ஆறு முட்டை,
பாதி மாதுளை, இருமல் மருந்து.
ஃப்ரீசரில் ஐஸ் மட்டும்.
அதையும் விரலால் சுரண்டிப் பார்த்தேன்.

ஹெப்பாருக்குப் போதவில்லை.
'வாயைத் திறந்து கேள்.'

நாகவாரா சிக்னலில் கேட்டேன்.
இல்லை என்பார்,
அதோடு இறக்கி வைத்துவிடலாம் என்றிருந்தேன்.
'சாப்பிட்டிருக்கிறேன்' என்றார்.
'கோடையில். அப்பாவோடு. பதினோரு வயதில்.
ருசியாக இருந்தது.
இப்போது கூடாதென்று சட்டம் போட்டுவிட்டார்கள், நல்லதுதான்.
அப்பா அதைப் பற்றிப் பேசுவதில்லை.
ஃபோன் செய்தால் உங்கள் ஊரில் மழையா என்பார்.'

பச்சை விழுந்தது. பின்னால் ஹாரன்.
இந்தப் பதிலை
யாரிடம் கொண்டுபோய்க் கொடுப்பது?

ஐந்தாம் நாள்
மாநகராட்சி வண்டி போண்டாவை இறக்கிவிட்டுப் போனது.
காது நுனி வெட்டியிருந்தது. வயிற்றில் தையல்.
இனிமேல் குட்டி போடாதாம்.
ஹெப்பார் பிஸ்கட் பாக்கெட்டோடு வந்தார்.
நாய்க்குத்தான்.
நாலாவது மாடி பக்கம் நிமிர்ந்தும் பார்க்கவில்லை.

அன்று சாயங்காலம்
கண்ணாடியில் என் கண்ணைப் பார்த்துக் கேட்டார் நாம்:
'ஞாயிற்றுக்கிழமை உன் வீட்டில் என்ன சமையல், தேவசகாயம்?'
சும்மாதான் கேட்டார். ஆசையாகக்கூட.

லிங்கராஜபுரத்தில் வீடு கொடுக்குமுன் ஓனர் கேட்டதும்
இதேதான்.
சிவாஜிநகரில் வாங்கி
பைக்கு மேலே கொத்தமல்லிக் கட்டு தெரிய வைத்து
குக்கர் விசிலுக்கு முன்னால் ஜன்னலைச் சாத்தும்
ஒன்பது வருஷப் பழக்கம்
என்னை முந்திக்கொண்டு பேசியது:

'மட்டன், சார்.'