முழங்கால் உயரம்

பீடோங் பேருந்து நிறுத்தத்தில்
ஏழரைக்கு ஐந்து பேரை ஏற்றினேன்.
வேனில் பதினோரு இருக்கை.
'சிறு குழு ஒருநாள் உலா' என்று பேனர் அடித்தவர் முதலாளி.
ஆள் சேராததற்கு அது நல்ல பெயர்.

பினாங்கு லிம் சூ ஹுவா, அவர் மனைவி,
ஆளுக்கொரு குடை, ஒரே பூப்போட்டது.
கைப்பேசியை விட்டுத் தலை தூக்காத ஒரு பையன்.
முன்னிருக்கையில் தேவசகாயம் சார்,
பணி ஓய்வுபெற்ற வரலாற்று வாத்தியார்,
மடியில் மூன்று நிறப் பேனாக்களும் ஒரு நோட்டும்.
பின்னால் இஷ்செல்.
மெக்சிகோவில் மெரிடா பக்கம்.
மாயன் கோயில்களிலிருந்து பேருந்தில் இரண்டு மணி நேரமாம் அவள் வீடு.
"எங்களூர்ப் படி ஏறினால் மூச்சு வாங்கும்.
உச்சியில் நின்றால் காடு கடல் மாதிரி கிடக்கும்."
நான் கண்ணாடியில் தலையாட்டினேன்.
நம்மது ஏறுகிற ரகம் இல்லை
என்று எப்படிச் சொல்வது.

செம்பனைக்கு நடுவே செங்கல்.
சுற்றிக் கயிறு, மேலே தகரக் கூரை,
முழங்கால் உயரத்துக்குச் சுவர்.
"இரும்பு உருக்கினார்கள், கப்பல் வந்தது"
என்றாள் வழிகாட்டி நோர்ஹயாத்தி.
"கடல் எங்கே?" என்றார் லிம்மின் மனைவி.
"போய்விட்டது."
மணி பார்த்துக்கொண்டே சொன்னாள்,
பேருந்து போனதைச் சொல்வது போல.

சாருக்கு ஒரு பெயர் வேண்டும்.
ராஜாவோ, வணிகனோ, சூளைக்காரனோ.
குனிந்து குனிந்து ஒவ்வொரு வரிசையாய்ப் பார்த்தார்.
ஐந்தாம் முறை கேட்டபோது நோர்ஹயாத்தி
மெதுவாகச் சொன்னாள்:
"இந்தக் கல்லில் பெயர் இல்லை சார்."
பச்சைப் பேனாவை மூடி
சட்டைப்பையில் சொருகிக்கொண்டார்.

மதியம் நாசி கண்டார்.
பிறகு மெர்போக் மேட்டில் இன்னொரு கோயில்,
மழை, குடை, குடைக்குள் பையன்.

திரும்பும் வழியில் லிம் சுண்டுவிரலைக் காட்டினார்.
நாலாம் டிவிஷன் மண்சாலையில் நிறுத்தினேன்.
அவர் ஒரு பக்கம் போக
இஷ்செல் மறுபக்கம் போய்விட்டாள்.
"இங்கே வாருங்கள்! இது எந்த நூற்றாண்டு?"

பனைகளுக்கிடையே ஒரு சிமெண்டு மேடை.
ஏறிப்போக ஐந்து படி.
போய்ச் சேர ஒன்றுமில்லை.
நோர்ஹயாத்தி தாளைப் புரட்டினாள்.
அதில் இல்லை.
எல்லோரும் என்னைப் பார்த்தார்கள்.
ஆறு வருஷத்தில் என்னிடம் பயணிகள் கேட்டது
கழிப்பறை எங்கே, குளிரைக் குறைக்க முடியுமா,
இவ்வளவுதான்.

"கள்ளுக்கடை" என்றேன்.
"தோட்டத்துக் கள்ளுக்கடை. மூடி முப்பது வருஷம்."
யாராவது சிரிப்பார்கள் என்று காத்திருந்தேன்.
இஷ்செல் படியேறினாள்.
மூச்சு வாங்கவில்லை.
மேலே நின்று ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தாள்,
எங்கே நின்று குடித்தார்கள் என்று கேட்டாள்.
காட்டினேன்.
மூன்றாம் படியில் அப்பாவின் முன்பல் போனதைக்
காட்டவில்லை.

"தம்பி, இங்கே எழுத்து!"
சார் குந்திவிட்டார்.
கைக்குட்டையால் பாசியைத் துடைத்தார்,
எச்சில் தொட்டும் துடைத்தார்.
ஈரச் சிமெண்டில் ஆணியால் யாரோ கீறியது.
எழுத்தெழுத்தாக,
அரசாணை வாசிப்பவர் குரலில் வாசித்தார்:

சடையாண்டி
பாக்கி 3 வெள்ளி 20

பச்சைப் பேனா வெளியே வந்தது.
வரிபிரித்து, புள்ளி வைத்து,
இரண்டாம் சுழி உடைந்திருப்பதையும் குறித்துக்கொண்டார்.
"கட்டினாரா?" என்றாள் இஷ்செல்.
சார் என்னைப் பார்த்தார்.
எனக்கெப்படித் தெரியும்.

நாற்பது நிமிடத் தாமதம்.
முதலாளி கேட்டார்: "எங்கேடா போனீங்க?"
"ஓர் இடம் கூடுதலாகக் காட்டினேன்."
"அட்டவணையில இல்லையே."
"இல்லை."

வரும் சனிக்கிழமைக்கு நாலு பேர் பதிந்திருக்கிறார்கள்.
வேனில் ஒரு பாராங் போட்டுக்கொள்ள வேண்டும்.
மூன்றாம் படியை லாலாங் மூடிக் கிடக்கிறது.