மெரூன்

குளச்சலில் தொபியாஸ் வீட்டுச் சாய்ப்பில்
வலைமூட்டைக்கு அடியில் ஒரு ஜாவா,
அறுபத்தெட்டாம் வருடத்து வண்டி.
உதைக்கிற கம்பியே மடங்கிக் கியராகும்
அந்தச் சூட்டிப்பு.
டேங்கில் தூரிகையால் இழுத்த தந்த நிறக் கோடு
ஓரிடத்தில் லேசாய் நடுங்கியிருந்தது,
மைசூரில் எவருக்கோ அன்று தும்மல் வந்திருக்கும்.

அழுக்கைத் தொடாதீர், துருவும் வேண்டும் என்று
முன்பணம் கொடுத்தேன்.
தலையாட்டினார்.
கடல் இரைச்சலில் பாதிதான் கேட்டிருக்கும்.

ஞாயிறு பூசை முடிந்த நேரம்
மார்த்தாண்டத்திலிருந்து மினிவேனோடு போனால்
தகதகவென்று நிற்கிறது:
வள்ளத்துக்கு அடித்து மிஞ்சிய நீலம்,
முழுக்க,
சங்கிலியோடு சேர்த்து.
"இம்பிடு பைசா தாறீரு,
கோலங்கெட்டதையா தரச் சொல்லுதீரு வோய்?"

வீட்டில் வைத்து
ஒரு ரூபாய்க் காசால் டேங்கின் அடியில் சுரண்டினேன்.
நீலத்துக்குக் கீழே ஒரு பச்சை, அது யார் கையோ.
அதற்கும் கீழே நக அளவு
மெரூன்.

தின்னர் டப்பாவைத் திறந்தேன்.
மூடிவிட்டேன்.

பார்க்க வருகிறவர்கள் குனிந்து
அந்த நகத்தடத்தைத் தேடுகிறார்கள்.
சங்கிலி இன்னும் காயவில்லை,
தொட்டவர் விரலெல்லாம் நீலம்.