அடியில் ஒரு பெயர்

ரொட்டி காய்ந்திருக்க வேண்டும்.
புதுசு என்றால் கூழாகிவிடும்.
புதன்கிழமையே துண்டு போட்டுச்
சாப்பாட்டு மேசை முழுக்கப் பரப்பினேன்;
இரண்டு நாளாய் நின்றுகொண்டே சாப்பிட்டோம்
நானும் ஆர்விட்டும்.

வெள்ளி இரவு பன்னிரண்டு முட்டை.
பதின்மூன்றாவதில் ரத்தப் புள்ளி, அது பூனைக்கு.
பால், கடுகுப் பொடி,
சேஜ் இலை போட்டு வதக்கிய பன்றிக் கொத்துக்கறி,
கை வலிக்கத் துருவிய செடார் சீஸ்.
வெங்காயம் ஒரு பாதிக்கு மட்டும்.
தம்பி மகன் சோரன் அதைப் பொறுக்கியெடுத்துத்
தட்டோரத்தில் வேலி கட்டுவான்.

என் பாத்திரம் போன வருஷம் உடைந்தது.
ஃப்ரிட்ஜிலிருந்து நேரே
கொதிக்கிற ஓவனில் வைத்தேன், அவசரம்.
துப்பாக்கி வெடித்ததென்று ஆர்விட் ஓடிவந்தார்.
ஆகவே
அலமாரியின் மேல்தட்டிலிருந்து மார்லிஸுடையது.
என் தம்பி மனைவியாய் இருந்தபோது
சர்ச் விருந்துக்குக் கொண்டுவந்து விட்டுப்போனாள்.
பிறகு அதை எந்த வாசலில் கொடுப்பதென்று
தெரியவில்லை.
தெரியும். பதினொரு மைல்.

இரவெல்லாம் ஊறியது.
நடுவில் ஒருமுறை எழுந்துபோய்
மேலே மிதந்த ரொட்டியை
விரலால் அமுக்கிவிட்டு வந்தேன்.
மறுபடி மிதந்திருக்கும். அதன் குணம்.

மான் வேட்டை திறக்கிற முதல் நாள்.
மினசோட்டா நவம்பரின் ஐந்து மணி இருட்டில்
ஆரஞ்சுச் சட்டைகள் ஏரிக்கரை தாண்டிப் போயின.
வெண்டெல் போனான். அவனுடைய கிரிஸ்டா,
புதுச் சட்டையில் விலைச்சீட்டு ஆட,
கூடவே போனாள்.
இந்த முறை
குளிர்ந்த பாத்திரத்தைக் குளிர்ந்த ஓவனில் வைத்தேன்.
இரண்டும் சேர்ந்தே சூடாகட்டும்.

ஒன்பதரைக்கு வந்தார்கள்.
மான் இல்லை, மூக்குச் சிவப்பு மட்டும்.
நடுவில் உப்பி, ஓரம் முறுகி,
மேசைக்கு வந்தபின்னும் சீஸ் முணுமுணுத்தது.
பதினோரு பேர்.
தப்பிப்போன மானின் கொம்பு
கரண்டிக்கு ஒரு கிளையாக வளர்ந்தது.
பேச்சு நின்றபோதுதான் பார்த்தேன்:
காலியான மூலையில், கண்ணாடிக்கு அடியிலிருந்து
இடம் வலம் மாறிய ஓர் எழுத்து.
மார்லிஸ் தன் பெயரைக் கீறிவைத்திருந்தாள்.
உள்ளிருந்து பார்த்தால்
கடைசி எழுத்து முதலில்.

அதற்குப் பின் யாருக்கும் பசியில்லை.
வெண்டெல் காப்பியைக் கலக்கிக்கொண்டே இருந்தான்;
அவன் சர்க்கரை போடுவதில்லை.
வெங்காயமில்லாத பக்கம் இரண்டு துண்டு
மிச்சப் பெயரை மூடிக்கொண்டிருந்தது.

கிரிஸ்டாதான் எழுந்தாள்.
பாத்திரத்தைத் தலைக்கு மேலே தூக்கி
அடியைப் படித்தாள், நேராக.
"சாயங்காலம் சோரனை அங்கதானே விடப்போறோம்,
இதையும் குடுத்துடலாம்."
அலுமினியத் தாளை இழுத்து மூடியபடி
என் பக்கம் திரும்பினாள்:
"வெறும் பாத்திரமாக் குடுக்க மாட்டோம், எங்க வீட்ல."
எங்கள் வீட்டிலும்தான்.
சொல்ல வாய் வரவில்லை.

பின்சீட்டில் சோரன்,
மடியில் பாத்திரம், அதற்கும் சேர்த்து பெல்ட்.
வெண்டெல் ஒன்றும் கேட்கவில்லை.
ஏரிக்கரைப் பள்ளங்களை ஒவ்வொன்றாய்ச் சுற்றி
கார் போனது,
அத்தனை மெதுவாய் அவன் ஓட்டி நான் பார்த்ததில்லை.

கடையில் பன்னிரண்டு டாலர்.
திங்கட்கிழமை ஒன்று வாங்க வேண்டும்.
அடியில் பெயர் எழுதுவதா வேண்டாமா என்று
மேசையிலிருந்த ரொட்டித் துகளை
உள்ளங்கைக்குள் கூட்டிக்கொண்டிருக்கிறேன்.