தாராளம்

ஒரு நாள் மொழிபெயர்ப்புக்கு எட்டாயிரம்.
வரி கழித்து ஏழாயிரத்து அறுநூறு.
கூடக் கேட்டிருக்கலாம் என்று
உப்புவெளி பஸ் பாதி வழி வந்த பிறகுதான்
தோன்றியது.

கொழும்பிலிருந்து வந்திருந்தது சிந்தனைக் கூடம்.
ஹொட்டேல் மண்டபத்தில் நீலப் பதாகை,
சிறகு விரித்த பறவை,
அதன் கீழே மூன்று மொழியிலும் சுதந்திரச் சந்தை.
தமிழில் மட்டும்
'ந'வின் தலையில் புள்ளி விழவில்லை.
சநதை.
யாரிடமும் நான் சொல்லவில்லை.
பிழை திருத்தம் கூலியில் சேராது.

கலாநிதி தெவிந்த சட்டைக் கையை மடித்துவிட்டு
முதல் வாக்கியத்தை ஆங்கிலத்தில் எறிந்தார்.
பிடித்து, தாராளவாதம் என்றேன்.
இரண்டாம் வரிசையில் புஷ்பலீலா,
திருக்கடலூரில் ஐஸும் கருவாடும் விற்பவர்,
கதிரையை முன்னுக்கு இழுத்தார்.
"ஆர் தம்பி தாராளம்?
வட்டிக்காரனோ, இவரோ?"

ஆங்கிலத்தில் தாராளத்துக்கு ஒரு சொல்,
இந்த வாதத்துக்கு வேறொரு சொல்.
கேள்வி என் வாய்க்குள்ளேயே முள்ளாய்த் தைத்து நின்றது.
நான் சொன்ன ஏதோ ஒன்றுக்கு
"மிக நல்ல கேள்வி" என்றார் கலாநிதி.

பிறகு கண்ணுக்குத் தெரியாத அந்தக் கை வந்தது,
திரையில், ஒரு வெள்ளைக் கையுறையாக.
கிண்ணியா மாட்டு யாவாரி அபூசாலி சிரித்துவிட்டார்.
"இது நமக்குத் தெரிஞ்ச கைதானே."
எழுந்து போய், தோள் துண்டை எடுத்து
கலாநிதியின் கையை மூடி
உள்ளே விரல்களை ஒவ்வொன்றாய் அமத்தினார்.
"இந்தா, வெல முடிஞ்சி போச்சி.
மாட்டுக்கு ஒண்டும் வெளங்காது.
மாட்டுக்காரனுக்குப் பாதி வெளங்கும்.
முழுசா வெளங்கினவன் தரகன் மட்டும்."
மண்டபம் சிரித்தது.
துண்டுக்குள்ளிருந்து கையை எடுக்கும் தருணம்
எதுவென்று தெரியாமல்
கலாநிதி கொஞ்ச நேரம் அப்படியே நின்றார்.

நான் எதிர்பாராதது அதற்குப் பிறகுதான்.
கட்டுப்பாடுகள் குறைய வேண்டும் என்றதும்
புஷ்பலீலா எழும்பினார்.
"படகுக்கு ஒரு பதிவு, இயந்திரத்துக்கு ஒரு பதிவு,
வலைக்கு அனுமதி, இறங்கப் பாஸ்,
மண்ணெண்ணெய்க்கு வரிசை,
ஐஸ் பெட்டிக்கும் ஆரோ ஒரு ஐயாவின்ர கையெழுத்து.
இதெல்லாம் எடுபடுமெண்டால்
நான் உங்கட கட்சி."

மொழிபெயர்க்க மொழிபெயர்க்க
கலாநிதியின் முகம் விளக்குப் போட்டதுபோல் ஆனது.
ஆறு வருடமாக அவர் எழுதியதை
ஒரு கருவாட்டு யாவாரி
ஒரே மூச்சில் சொல்லிவிட்டார்.
"அதேதான், அதேதான்!"
பேனா பறந்தது.

"அப்ப அந்தக் கரையில நிக்கிற
முள்ளுக்கம்பியையும் எழுதச் சொல்லு, தம்பி."

பேனா நின்றது.
மூடி போட்டார்.
மெதுவாக ஏதோ சொன்னார்.
அந்தச் சொல்லுக்கு என்னிடம் பரப்பு இருந்தது,
வரம்பு இருந்தது,
வட்டம்கூட இருந்தது.
"அது எங்கள் எல்லைக்குள் வராது" என்றேன்.

ஏசியின் சத்தம் கேட்கும் அளவுக்கு
எல்லோரும் பேசாமல் இருந்தார்கள்.

நாற்பது பேருக்கு அறுபது சோற்றுப் பார்சல்.
கேள்வியும் வழங்கலும் பற்றி
அந்த மேசையைக் காட்டியே விளக்கியிருக்கலாம்.
புஷ்பலீலா ஆறு பார்சலைப் பையில் போட்டார்.
வாசலில் நின்ற இரண்டு மான்கள்
வாழையிலையை முதலிலும்
கலந்துரையாடல் குறிப்பேட்டைப் பிறகும் தின்றன.
காவலாளி துரத்தவில்லை.

கடித உறையை வாங்கிக்கொண்டு வெளியே வந்தேன்.
அபூசாலி முச்சக்கரவண்டிக்கு நின்றார்.
"ஒனக்கு எவ்வளவு குடுத்தானுகள்?"
சொன்னேன்.
நாக்கைச் சப்புக்கொட்டி,
துண்டை எடுத்து என் கைமேல் போட்டார்.
கேட்டிருக்க வேண்டிய தொகையை
விரலில் அமத்தினார்.
நடுவிரலை இரண்டு தரம்,
பிறகு இன்னொன்று.

எவ்வளவு என்று கேட்காதீர்கள்.
துண்டுக்குள் சொன்னது அது.