ஆஜர்

ஆடியில் கல்யாணம் இல்லை.
ஆகவே மண்டபம் எண்ணூறு ரூபாய்க்குக் கிடைத்தது,
மின்விசிறிக்குத் தனிக் கணக்கு.
மணமேடைக்குக் குறுக்கே வெள்ளைத் துணி கட்டி
இஸ்பஹான் நகரத்தைக் காட்டினோம்
திருத்துறைப்பூண்டியில்.

மஹ்தோக்த் சர்வரியின் ஏழு படங்களுக்கும்
தமிழ் வரிகள் என்னுடையவை.
எனக்குப் பாரசீகம் தெரியாது.
பகலில் தாலுகா ஆபீஸ்,
இரவில் ஆங்கில வரிகளைத் தமிழில் இறக்குவேன்.
ஆனால் காது இருக்கிறதே.
இரண்டாம் படத்தில் ஒருத்தி ஜமீன் என்றாள், நிமிர்ந்தேன்.
பாக்கி என்றாள்.
மூன்றாவதில் மூக்குக்கண்ணாடிக்காரர் ராஜி என்றார்
எங்கள் வக்கீல் குமாஸ்தா மாதிரியே.
ஜமாபந்தி மேசையில் பசலி பசலியாக
நான் புரட்டிய சொற்களுக்கு
அங்கே உதட்டுச்சாயம் இருந்தது,
சளி பிடித்திருந்தது.

முதல் படம் பதினொரு நிமிடம்.
பழுதான லிஃப்டில் இரண்டு பெண்கள், ஒரு தர்பூசணி.
வெட்டக் கத்தி இல்லை என்பதுதான் கதை.
இரண்டாவதற்குப் பரிசு. வாங்கப் போக
பாஸ்போர்ட் இல்லை.
மூன்றாவது தணிக்கை அறையில் நாலு வருஷம் தூங்கி
இருபது நிமிடம் இளைத்து எழுந்தது.
பிறகு உத்தரவு: இனி இயக்கக் கூடாது.

சரி, இயக்கவில்லை.
வீட்டை விற்றுத் தயாரிப்பாளர் ஆனார்.
பையன்கள் இருவர், பல் மருத்துவம் படிக்கும் பெண் ஒருத்தி,
மூவருக்கும் அதுதான் முதல் படம்.
மூன்றிலும் தயாரிப்பு என்ற சொல்லுக்குக் கீழே
நாலு விநாடி கறுப்பு.
பெயர் போட முடியாது.
அந்த நாலு விநாடியை எப்படி மொழிபெயர்க்க?
அடங்கலில் இப்படிப்பட்ட கட்டத்துக்குத்
தரிசு என்று எழுதுவேன்.
இதில் எழுத மனம் வரவில்லை.

ஆறாவதில், அந்தப் பெண்ணின் படத்தில்,
ஒரே ஒரு காட்சிக்கு அவரே வருகிறார்.
கோர்ட்டு வராந்தா, பெஞ்சு, கையில் பிளாஸ்டிக் பை.
உள்ளேயிருந்து பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள்.
ஹாசெர், என்கிறார்
பலமுறை சொல்லித் தேய்ந்த குரலில்.
ஆஜர் என்று போட்டேன்.
அந்த ஒரு சொல்லை நான் மொழிபெயர்க்கவில்லை.
வாங்கியிருந்ததைத் திருப்பிக் கொடுத்தேன்.

இன்றைக்கு ஏழாவது.
குடும்பத்தோடு சிற்றுலா வந்ததாகச் சொல்லி
டீ பிளாஸ்க்குக்குப் பின்னால் கைபேசியை நிறுத்தி
யாருக்கும் தெரியாமல் எடுத்தது.
உயிர்தரும் ஆறு என்று அந்த ஆற்றுக்குப் பெயர்.
முப்பத்துமூன்று கண் பாலம்,
ஒரு கண்ணிலும் தண்ணீர் இல்லை.
புழுதியில் அன்னப் படகுகள்.
படகுக்காரன் இன்னும் டிக்கெட் கிழிக்கிறான்,
ஒரு சிறுமி ஏறி உட்கார்ந்து
மிதித்துக்கொண்டே இருக்கிறாள்.

எழுபத்துநாலு பேர், நோட்டில் கையெழுத்தோடு.
நாற்பதாவது நிமிடம்
பக்கிரிசாமிக்குப் போன் வந்தது.
"முள்ளியாத்துல தண்ணி வந்துட்டாம்."
யாரிடமும் குறிப்பாகச் சொல்லவில்லை.
நாற்காலிகள் நகர்ந்தன, இருட்டில் செருப்பு தேடினார்கள்,
புரொஜெக்டர் வெளிச்சத்தில் தலைகள், தோள்துண்டுகள்,
கரிய நிழல்களாக
அந்த வறண்ட ஆற்றைக் கடந்து
வாசலுக்குப் போயின.
சிறுமி மிதித்துக்கொண்டே இருந்தாள்.
சூசைமாணிக்கம் என்னைப் பார்த்தான், நிறுத்தவா?
வேண்டாம்.
பதினொரு பேர் மிஞ்சினோம், தூங்கிவிட்ட பிள்ளையையும் சேர்த்து.

அனுமதி கேட்டபோது ஒரு வரி எழுதியிருந்தார்:
பணம் வேண்டாம்,
எத்தனை பேர் பார்த்தார்கள் என்று மட்டும் எழுதுங்கள்.

கருகியதை விளைந்தது என்றும்
விளைந்ததைக் கருகியது என்றும்
கணக்கு எழுதத் தெரிந்த கை இது.
எழுபத்துநாலு என்று அடித்தேன், அழித்தேன்.
பதினொன்று என்று அடித்தேன்.
அதுவும் பொய் மாதிரி இருந்தது.
கடைசியில் உள்ளபடியே:
எழுபத்துநாலு பேர் ஆஜர்.
பாதியில் அறுபத்துமூன்று பேர் எழுந்து போனார்கள்,
எங்கள் ஆற்றில் தண்ணீர் வந்துவிட்டது,
மன்னிக்கவும்.

மூன்று நாள் பதில் இல்லை.
நாலாம் நாள் விடியற்காலை,
வணக்கம்கூட இல்லாமல்:
எவ்வளவு ஆழம்?

சைக்கிளை எடுத்துக்கொண்டு மதகுக்குப் போனேன்.
அளவுகோலில் இரண்டடி நாலங்குலம்.
அவருக்காகச் சென்டிமீட்டரில் மாற்றி
எழுபத்தொன்று என்று எழுதினேன்.
முதல் தண்ணீர்,
கலங்கல் என்றும் சேர்த்தேன்.