பச்சைக்கு மூன்று அசை

ஸெனிட்ஸாவில் என்னைத் தெரியாதவர் உண்டு,
என் கண்ணைத் தெரியாதவர் இல்லை.
எழுபத்து மூன்றில் வந்தது இசைத்தட்டு.
ஒரு பக்கம் ஏதோ ஓர் ஆறு,
மறு பக்கம் நான்.
உருக்காலையில் இரண்டாம் ஷிப்ட் முடிந்து வருகிறவர்கள்
கரி படிந்த வாயால் முணுமுணுப்பார்கள்.
பேருந்து நிலையத்துக் காபிக்கடையில்
காசு போட்டால் பாடும் பெட்டியில்
பதினேழாம் பொத்தான் தேய்ந்து
எண்ணே அழிந்துவிட்டது.

'மெவ்லிதா, உன் பச்சைக் கண்ணில்
நீச்சல் மறந்தவன் நான்.'

என் கண் பழுப்பு.
குடித்து வைத்த காபியின் அடிமண்டி இருக்குமே,
அது.
என் அம்மாவுக்கும் அதே.
எதிர்வீட்டு நாய்க்கும் அதே.

ஹைருதினிடம் ஒரே ஒரு முறை கேட்டேன்,
ஹோட்டல் பின்வாசலில், மீன் செதில் நாற்றத்தில்.
அக்கார்டியனைத் தோளிலிருந்து இறக்காமலே
விரல் மடக்கிக் காட்டினான்:
எங்கள் மொழியில் பழுப்புக்கு இரண்டு அசை,
பச்சைக்கு மூன்று.
'மெட்டு மூன்று கேட்கிறது, நான் என்ன செய்ய?'
நான் மட்டும் என்ன செய்ய.
இரண்டு கோடை ஆற்றங்கரையில் நடந்தது
ஓர் அசை குறைந்து போயிற்று.

ஃபாதிலைக் கட்டிக்கொண்டேன்.
வானொலியில் அந்தப் பாட்டு வந்தால்
நான் எழுந்து போய் அணைப்பேன்.
அவர் மறுபடி போட்டு ஒலியையும் கூட்டுவார்.
'எவளோ பச்சைக்கண்காரி, பாவம், கேட்போமே.
என் வீட்டில் இருப்பது பழுப்பு.'

எனக்கு வேலை கடவுச்சீட்டு அலுவலகத்தில்.
பெயர், பிறந்த நாள், உயரம்,
பிறகு கண்.
'விளக்கைப் பாருங்கள்' என்பேன்,
பார்ப்பார்கள்,
சாம்பல், நீலம், பழுப்பு, பழுப்பு,
உள்ளது உள்ளபடி.
தன் படிவத்தைத் தானே நிரப்பக் கூடாது என்பது விதி.
என்னுடையதை நிரப்பியவள் அடுத்த ஜன்னல் ஸ்டோயங்கா.
தலை நிமிரவில்லை அவள்,
பாடிக்கொண்டே எழுதினாள்.

அதை நான் பார்த்தது
டிரியெஸ்தே போகும் வழியில், எல்லையில்.
ஜீன்ஸும் காபிக்கொட்டையும் வாங்கப் போகிற பேருந்து,
விடிகாலை நாலரை.
இத்தாலியக் காவலன் சீட்டைப் பார்த்தான்,
டார்ச்சை என் முகத்துக்குக் கொண்டுவந்தான்,
சீட்டைப் பார்த்தான்.
'வெர்தி?'
பச்சையா என்கிறான். எனக்குப் புரிந்தது.
பதில் எந்த மொழியிலும் இல்லை.
அசைக்கணக்கை அவனுக்கு எப்படிச் சொல்ல?

பின் இருக்கையில் ஒருவர் தொண்டையைச் செருமினார்.
ஓட்டுநர் ஸ்லாவ்கோ ஸ்டியரிங்கில் தாளம் போட்டார்.
அப்புறம் முழுப் பேருந்தும்,
தூக்கத்திலிருந்து எழுந்தவர்கள் ஒரு சுதியில்,
எழாதவர்கள் வேறு சுதியில்,
என் பெயர் வரும் இடத்தில் எல்லோரும் என்னைக் கைகாட்டி.
சாட்சி நாற்பத்தோரு பேர்.
அத்தனையும் பொய்ச்சாட்சி.
இரண்டாம் அடியில் நானும் சேர்ந்துகொண்டேன்.
காவலன் டார்ச்சை அணைத்தான்.
இருட்டில் எல்லாக் கண்ணும் ஒன்றுதான் போல.
முத்திரை குத்தினான்.

போன புதன் ஹைருதின் போய்விட்டான்.
தபால் நிலையத்தருகே சுண்ணாம்பு அடித்த மரத்தில்
இறப்பு அறிவிப்பு.
எங்கள் ஆட்களுக்கு அதன் ஓரம் பச்சையில் இருக்கும்.
நடுவில் கறுப்பு வெள்ளைப் படம்,
அக்கார்டியன் பட்டை தோளில் தெரிகிறது.
மழைத் தூறலில் வெகுநேரம் நின்றேன்.

முப்பத்தொரு வருடம் அந்த ஜன்னலில் உட்கார்ந்து
எத்தனை ஆயிரம் கண்ணுக்கு நிறம் எழுதினேன்.
இவனுக்கு என்ன எழுதுவேன்?
வாசிக்கும்போது மூடிக்கொள்வான்.
நடக்கும்போது ஆற்றைப் பார்ப்பான்.
பின்வாசலில் அன்று
நான் பார்த்தது அவன் விரல்களை:
ஒன்று, இரண்டு,
மூன்று.

படத்தில் மழைத்துளி நின்றிருந்தது, துடைத்தேன்.
ஓரத்து மை இன்னும் காயவில்லை.
கைக்குட்டையில் வந்துவிட்டது
கொஞ்சம் பச்சை.