ழ, ஆறாவது டேக்

பெரில் டாகெட் வந்திறங்கிய அன்று
டர்பன் மதராஸாக மாறி மூன்று வாரம் ஆகியிருந்தது.
பாயிண்ட் ரோட்டில் மாட்டுவண்டி.
சாட்ஸ்வர்த்திலிருந்து பஸ் வைத்து அழைத்துவந்த நூறு பேருக்கு
வேட்டி கட்டிவிட ஒரு லண்டன்காரன்.
தலைப்பாகைக்கு அடியில் வாக்மேன் மாட்டியிருந்தவனை
நான்தான் பிடித்தேன்.
என் வேலை அது. தொடர்ச்சி.
கோப்பையில் தேநீர் எந்த மட்டம்,
முந்தானை எந்தத் தோள்,
போன ஷாட்டில் கதவு எவ்வளவு திறந்திருந்தது.

பெரிலுக்குக் கலெக்டரின் அக்காள் வேடம்.
அழைப்புத் தாளில் பதினாலாம் எண்.
மேக்கப் நாற்காலியில் கணக்குச் சொன்னாள்:
முப்பத்தெட்டு வருஷம், இந்த அக்காளோடு சேர்த்து அறுபத்தொரு பேர்.
நர்ஸ் ஒன்பது, வாடகை வீட்டுக்காரி ஏழு,
சாட்சிக் கூண்டில் நான்கு தடவை.
பிணமாக ஒரே முறை,
"அதில்தான் என் முகம் திரை முழுக்க வந்தது."
பெயர் இருந்தவர்கள் பதினொருவர்.
மற்றவர்களுக்குத் தானே பெயர் வைத்துக்கொள்வாளாம்.
யாரிடமும் சொன்னதில்லை.

இந்த முறை ஒரு வரி தமிழில்.
ஆயாவைப் பார்த்துச் சொல்லவேண்டும்:
மழை வருது, குழந்தையை உள்ளே கொண்டு வா.

ஒரு வரியில் இரண்டு ழ.
ஆயாவாக நடித்த சலோஷ்னி மூட்லிக்கே வராத ழ.
ஹோட்டல் மாடியில், கடல் இரைய இரைய,
நாக்கை மடித்துக் காட்டினேன்.
பல் டாக்டர் மாதிரி என் வாயையே பார்த்தாள்.
சட்டென்று சிரித்துவிட்டாள்.
"இது எங்கள் பிரிஸ்டல் ர!
என் அப்பா, துறைமுகத்து ஆட்கள், எல்லாருக்கும் இதுதான்.
நாடகப் பள்ளியில் பென்சிலைக் கடிக்க வைத்து
ஒரு வருஷம் முழுக்க இதைத்தானே பிடுங்கினார்கள்."
அன்று இரவு அடுத்த அறைச் சுவர் வழியே
மழை, மழை, மழை.
தூங்கவே விடவில்லை.

மறுநாள் நிஜமாகவே பெய்தது,
யாரும் கூப்பிடாத டிசம்பர் மழை.
ஐந்து டேக்கை ஜெனரேட்டர் தின்றது.
ஆறாவதில் சொன்னாள்.
கோப்பை இடக்கையில், மூன்று விரல் குறைவு.
வேட்டிக் கூட்டத்தில் யாரோ கை தட்டப் போக,
நான் முறைத்தேன்.

அடுத்த வருஷம் டிவியில் வந்தது.
எங்கள் தெருவே உட்கார்ந்து
அவரவர் முதுகைத் தேடிக்கொண்டிருந்தது.
பெரில், பதினேழு நொடி.
மழை இரைச்சல் அதிகமென்று
லண்டனில் வேறொருத்தி குரலை ஒட்டியிருந்தார்கள்:
மலை வருது, குலந்தையை உள்ளே கொண்டு வா.

ஒருவரும் திரும்பவில்லை.
சலோஷ்னி தன் ஜிமிக்கியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.
நான் டிவி முன் முட்டி போட்டேன்.
ஒட்டிய சத்தத்துக்கு ஒரு இமைப்பு முன்னால்
நாக்கு மேலே மடிந்து
எதையும் தொடாமல் நின்றது.

எழுதிப் போட்டேன். நான்கு மாதம் கழித்து ஒரு அட்டை:
அறுபத்திரண்டாவது ஆள் கிடைத்துவிட்டாள்.
ஆஸ்பத்திரி வரவேற்பு மேசை, இரண்டு காட்சி.
அவர்கள் பெயர் வைக்கவில்லை.
நான் வைத்தது இது.

கீழே பேனாவால் வரைந்திருந்தாள், ழ.
வால் தப்பான பக்கம்.